பீவர் கடித்தால் சிரிப்பு வருவது ஏன்? ‘கொலைகார விலங்கு’ காமெடிப் படங்களின் கதையும் நிஜக் கணக்கும்

அமெரிக்கக் கிராமப்புறச் சாலை ஒன்றில் லாரி போய்க்கொண்டிருக்கிறது. ஓட்டுநரின் கண் சாலையில் இல்லை, செல்போனில் இருக்கிறது. குறுக்கே ஒரு மான். டமார்! மோதிய வேகத்தில் லாரியில் இருந்த ரசாயனக் கழிவு பீப்பாய் ஒன்று உருண்டு ஆற்றில் விழுகிறது. டைட்டில் கார்டு ஓடி முடிவதற்குள் அது ஆடி அசைந்து மிதந்து, பீவர்கள் கட்டி வைத்திருக்கும் அணையில் போய் நிற்கிறது.

அடுத்து என்ன நடக்கும் என்று உங்களுக்கே தெரியும். பீவர்கள் ஜாம்பி ஆகும். பக்கத்தில் ஏரிக்கரை வீட்டுக்கு விடுமுறைக்கு வந்திருக்கும் கல்லூரிப் பெண்களையும் பையன்களையும் கடிக்கும். 2014-ல் வந்த ‘ஜாம்பீவர்ஸ்’ படத்தின் மொத்தக் கதையும் இதுதான்.

“இதெல்லாம் ஒரு படமா?” என்று கேட்டால், கேள்வி நியாயம்தான். ஆனால், இப்படிப்பட்ட படங்கள் ஐம்பது ஆண்டுகளாக வந்துகொண்டே இருக்கின்றன. மீன், முயல், ஆடு, கரடி, சூறாவளியில் பறக்கும் சுறா என்று கொலைகாரப் பட்டியல் நீள்கிறது. ஏன் இந்த ஃபார்முலா சாகவே மாட்டேன் என்கிறது? பயமும் சிரிப்பும் ஒரே காட்சியில் எப்படி வருகின்றன? இந்தப் படங்களால் அந்த விலங்குகளுக்கு உண்மையில் என்ன ஆனது? ஒவ்வொன்றாகப் பார்க்கலாம்.

கதை என்ன?

மேரி, ஜோயி, ஜென் என்று மூன்று தோழிகள். ஜென்னின் காதலன் வேறொரு பெண்ணுடன் இருந்த புகைப்படம் வெளியாகிவிட்டது. அந்த வருத்தத்தை மறக்க, செல்போன் சிக்னல்கூடக் கிடைக்காத ஏரிக்கரை வீட்டுக்கு மூவரும் போகிறார்கள். ‘பையன்களுக்கு அனுமதி இல்லை’ என்பது ஒப்பந்தம். இரவே பையன்கள் வந்து நிற்கிறார்கள்.

முதல் பீவர் குளியலறையில் வருகிறது. சொன்னால் யாரும் நம்பவில்லை. மறுநாள் ஏரியில் நீந்தப் போகிறார்கள். ஒருவனின் கால் போகிறது. ஏரி நடுவில் மிதக்கும் மேடையில் எல்லோரும் மாட்டிக்கொள்கிறார்கள். தப்பிக்க ஒருவன் செய்யும் வேலை: கூட வந்த நாயைத் தூக்கித் தண்ணீரில் போடுவது. பிறகு கதை வீட்டுக்குள் நகர்கிறது. பீவர்கள் சும்மா இல்லை. தங்களுக்குத் தெரிந்த ஒரே தொழிலைக் காட்டுகின்றன. மரத்தைக் கொறித்துச் சாய்த்துச் சாலையை மறிக்கின்றன. கடி வாங்கியவர்கள் செத்த பிறகு முன்பல் நீண்டு, தட்டை வால் முளைத்து எழுந்து வருகிறார்கள்.

இயக்குநர் ஜோர்டன் ரூபின் தொலைக்காட்சிக் காமெடி நிகழ்ச்சிகளுக்கு எழுதியவர். இதுதான் அவருடைய முதல் படம். லாரியில் வரும் இருவரில் ஒருவர் ஸ்டாண்ட்-அப் கலைஞர் பில் பர். இன்னொருவர் பாடகர் ஜான் மேயர். நியூயார்க்கின் டிரைபெக்கா திரைப்பட விழாவில் முதலில் திரையிட்டார்கள். படம் ஒன்றரை மணி நேரத்துக்கும் குறைவு. கடைசியில் எண்ட் கிரெடிட் ஓடும்போது பழைய கிளப் பாடகர் பாணியில் ஒரு பாட்டு, அதுவரை நடந்த கதையை முழுக்கச் சொல்லிக் கலாய்க்கும். அதுவரை பார்த்தவர்களுக்கு அது ஒரு போனஸ்.

பீவர் என்பது எது?

தமிழில் இதைச் சிலர் ‘நீர்நாய்’ என்று எழுதுவது உண்டு. அது தவறு. காவிரிக் கரையில் பார்க்கிற நீர்நாய் மீன் தின்னும் விலங்கு. பீவர் வேறு இனம். எலி, அணில் குடும்பத்தைச் சேர்ந்த கொறிக்கும் விலங்கு. உலகின் கொறிக்கும் விலங்குகளில் அளவில் இரண்டாவது பெரியது. முதலிடம் தென் அமெரிக்காவின் கேப்பிபாராவுக்கு. வட அமெரிக்காவிலும் ஐரோப்பா, ஆசியாவின் சில பகுதிகளிலும் வாழ்கிறது. இந்தியாவில் கிடையாது.

சாப்பாடு சுத்த சைவம். மரப்பட்டை, இலை, நீர்ச்செடிகள். முன்பற்கள் ஆரஞ்சு நிறம். பல்லின் மேல்பூச்சில் இரும்பு கலந்திருப்பதால் அந்த நிறம், அதனால்தான் அந்த உறுதி. பற்கள் வாழ்நாள் முழுக்க வளர்ந்துகொண்டே இருக்கும். ஆபத்து என்று தோன்றினால் தட்டை வாலால் தண்ணீரில் ஓங்கி அடித்துக் கூட்டத்தை எச்சரித்துவிட்டு நீருக்குள் போய்விடும். ஏறக்குறைய 15 நிமிடம் மூச்சு அடக்க முடியும். சுருக்கமாகச் சொன்னால், பயந்த சுபாவம் கொண்ட கடின உழைப்பாளி.

இந்தப் படம் சிரிப்பை உருவாக்குவதற்கான முதல் காரணமே இதுதான். புலி பாய்ந்தால் பயம். பீவர் பாய்ந்தால் “என்னடா இது” என்று தோன்றும்.

ஏன் எப்போதும் விடுமுறைக்குப் போன இளைஞர்களே சாகிறார்கள்?

பதில் கலையில் இல்லை, கணக்கில் இருக்கிறது.

ஒரு காட்டு வீடு, ஒரு ஏரி, ஆறேழு புதுமுகங்கள். அவ்வளவு இருந்தால் படம் எடுத்துவிடலாம். ஊர் செட் வேண்டாம், கூட்டம் வேண்டாம், நட்சத்திரச் சம்பளம் வேண்டாம். 1981-ல் சாம் ரைமி ‘தி ஈவில் டெட்’ படத்தை இப்படி ஒரு காட்டு வீட்டை வைத்துத்தான் எடுத்தார். அந்தப் படம் அவர் வாழ்க்கையையே மாற்றியது. அதன் பிறகு குறைந்த பட்ஜெட் இயக்குநர்கள் எல்லோருக்கும் காட்டு வீடு ஒரு ராசியான லொகேஷன் ஆகிவிட்டது.

இரண்டாவது காரணம், கதை வசதி. ஊரில் இருந்தால் போலீஸ் வரும், பக்கத்து வீட்டுக்காரர் வருவார். காட்டில் யாரும் வர மாட்டார்கள். செல்போன் வந்த பிறகு திகில் பட எழுத்தாளர்களுக்கு இருந்த பெரிய தலைவலி, “ஏன் போன் செய்யவில்லை?” என்ற கேள்வி. சிக்னல் இல்லாத ஏரிக்கரை அதை ஒரே வரியில் தீர்த்துவிடுகிறது.

மூன்றாவது, டிக்கெட் வாங்குகிறவர்களும் அதே வயது. தன் நண்பர் கூட்டம் மாதிரியே ஒரு கூட்டம் திரையில் தெரியும்போது, “நம்ம கேங்க்ல யார் முதல்ல காலி?” என்ற பேச்சு தியேட்டரிலேயே ஆரம்பித்துவிடும். அந்தப் பேச்சுதான் விளம்பரம்.

இதில் ஒரு சட்டமும் உருவானது. 1978-ன் ‘ஹாலோவீன்’, 1980-ன் ‘ஃப்ரைடே தி 13த்’ போன்ற படங்களில் குடி, கூத்து என்று இருப்பவர்கள் முதலில் சாவார்கள். ஒழுக்கமான, கவனமான ஒரு பெண் கடைசிவரை நின்று போராடுவாள். இந்தக் கதாபாத்திரத்துக்கு ‘ஃபைனல் கேர்ள்’ என்று பெயர் வைத்தவர் அமெரிக்கப் பேராசிரியர் கேரல் குளோவர். 1987-ல் எழுதிய கட்டுரையில் அந்தச் சொல்லைப் பயன்படுத்தினார். இன்று எந்தத் திகில் படம் எடுத்தாலும் பார்வையாளருக்கு இந்தச் சட்டம் மனப்பாடம். ‘ஜாம்பீவர்ஸ்’ விளையாடுவதே அந்த மனப்பாடத்தோடுதான். “இவள்தான் தப்பிப்பாள்” என்று நீங்கள் போடும் கணக்கை அது நிம்மதியாக இருக்க விடாது.

எல்லாம் தொடங்கியது ஒரு ரிப்பேர் சுறாவில்

இந்த வகைப் படங்களுக்கு எல்லாம் தாத்தா, 1975 ஜூனில் வந்த ‘ஜாஸ்’. பீட்டர் பெஞ்ச்லியின் 1974 நாவலை ஸ்டீவன் ஸ்பீல்பெர்க் படமாக்கினார். கோடை விடுமுறை, கடற்கரை ஊர், நீந்த வரும் கூட்டம், ஒரு வெள்ளைச் சுறா.

படத்துக்காகச் செய்த இயந்திரச் சுறாவுக்குப் படக்குழு ‘புரூஸ்’ என்று பெயர் வைத்திருந்தது. உப்புத் தண்ணீரில் இறக்கியதும் புரூஸ் மக்கர் செய்தது. 55 நாள் என்று போட்ட ஷூட்டிங் திட்டம் 159 நாள் ஆனது. சுறா வேலை செய்யாததால், சுறாவைக் காட்டாமலே பயமுறுத்த வேண்டிய கட்டாயம். தண்ணீர்மட்டத்தில் கேமரா, இழுபடும் மிதவை, ஜான் வில்லியம்ஸின் இரண்டே சுர இசை. காட்டாத சுறாதான் அதிகமாகப் பயமுறுத்தியது. படம் வசூலில் அதுவரை இருந்த சாதனைகளை உடைத்தது.

வெற்றி வந்தால் நகல் வரும். 1978-ல் தயாரிப்பாளர் ரோஜர் கார்மனின் நிறுவனத்துக்காக ஜோ டான்டே இயக்கிய ‘பிரான்ஹா’ வந்தது. சுறாவுக்குப் பதில் பிரான்ஹா மீன், கடலுக்குப் பதில் ஆறு. ஆனால், டான்டே வெறும் நகல் எடுக்கவில்லை. ‘ஜாஸ்’ படத்தையே கிண்டல் செய்தார். பயத்துக்கு நடுவே காமெடியைச் சொருகினார். ‘ஜாஸ்’ நகல்களில் தனக்குப் பிடித்தது இதுதான் என்கிற அர்த்தத்தில் ஸ்பீல்பெர்க்கே பாராட்டியதாகச் சொல்வார்கள்.

அந்தப் படம் 2010-ல் ‘பிரான்ஹா 3டி’யாகத் திரும்ப வந்தது. ஏரிக்கு விடுமுறை கொண்டாட வரும் கல்லூரி மாணவர் கூட்டம், கீழே மீன் கூட்டம். முதல் காட்சியில் படகில் தனியாக மீன் பிடித்துக்கொண்டிருக்கும் ஆளைப் பார்த்தால் பழைய ரசிகர்கள் சிரித்துவிடுவார்கள். அவர் ‘ஜாஸ்’ படத்தில் சுறா நிபுணராக நடித்த ரிச்சர்ட் டிரேஃபஸ். அன்று தப்பித்தவரை இங்கே முதல் ஆளாகக் காலி செய்திருப்பார்கள்.

முயல் கற்றுக்கொடுத்த பாடம்

சிரிக்கவைக்க வேண்டும் என்று திட்டமிட்டே எடுப்பது ஒரு வகை. சீரியஸாக எடுத்தது சிரிப்பாகிப் போவது இன்னொரு வகை.

இரண்டாவதற்கு ஆகச்சிறந்த உதாரணம் 1972-ல் வந்த ‘நைட் ஆஃப் தி லெபஸ்’. லெபஸ் என்றால் லத்தீனில் முயல். ராட்சத முயல்கள் ஊரைத் தாக்கும் கதை. ஹிட்ச்காக்கின் ‘சைக்கோ’வில் நடித்த ஜேனட் லீ இதில் கதாநாயகி. சின்னச் சின்ன வீடுகள் செய்து அவற்றுக்கு நடுவே சாதாரண முயல்களை ஓடவிட்டு, மெதுவான ஓட்டத்தில் காட்டினார்கள். விளைவு? கொழுகொழு முயல்கள் அழகாகத் துள்ளி வர, மனிதர்கள் அலறி ஓடுகிறார்கள். பயம் மட்டும் வரவில்லை.

மூன்றே ஆண்டில், 1975-ல், பிரிட்டிஷ் காமெடிக் குழு மான்டி பைதான் அதே முயலை எடுத்துக்கொண்டது. ‘ஹோலி கிரெயில்’ படத்தில் குகை வாசலில் ஒரு குட்டி வெள்ளை முயல். கவச வீரர்கள் அலட்சியமாகப் போகிறார்கள். அது கழுத்தைக் கடித்துத் துண்டாக்குகிறது. ‘லெபஸ்’ தோற்ற அதே இடத்தில் இது ஜெயித்தது. காரணம், முயல் பயங்கரமானது என்று நம்பவைக்க அது முயலவே இல்லை.

அமெரிக்க எழுத்தாளர் சூசன் சான்டாக் 1964-ல் ‘கேம்ப்’ என்ற ரசனை பற்றி எழுதிய கட்டுரையில் இந்த வேறுபாட்டைத்தான் பேசினார். அளவுக்கு மீறிய பில்டப், செயற்கைத்தனம், மிகை. இவற்றைக் குறையாகப் பார்க்காமல் ரசிப்பது கேம்ப். தெரியாமல் நடந்தால் அப்பாவி கேம்ப். தெரிந்தே செய்தால் திட்டமிட்ட கேம்ப். அப்பாவி கேம்ப்தான் உசத்தி என்பது அவர் கட்சி. நம்ம ஊர் பாஷையில் சொன்னால், ‘மொக்கை என்று தெரியாமல் எடுத்த மொக்கை’, ‘மொக்கை என்று தெரிந்தே எடுத்த மொக்கை’ என்று இரண்டு உண்டு.

நியூசிலாந்து இயக்குநர் ஜொனாதன் கிங்கின் ‘பிளாக் ஷீப்’ (2006) தெரிந்தே எடுத்தது. மனிதர்களைவிடச் செம்மறி ஆடுகள் பல மடங்கு அதிகமாக இருக்கும் நாட்டில், மரபணு மாற்றத்தால் ஆடுகள் மனிதரைத் தின்னத் தொடங்கினால்? ‘லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ படங்களுக்கு வேலை செய்த வீட்டா வொர்க்‌ஷாப் இந்த ஆடுகளைச் செய்து கொடுத்தது. அமெரிக்கத் தொலைக்காட்சியில் 2013-ல் வந்த ‘ஷார்க்நேடோ’ இன்னும் ஒரு படி மேலே போய், சூறாவளியில் சுறாக்களைப் பறக்கவிட்டது. ட்விட்டர் கொண்டாடியது. மொத்தம் ஆறு பாகம் எடுத்துவிட்டார்கள்.

பயமும் சிரிப்பும் ஒன்றாக வருவது எப்படி?

உளவியலாளர்கள் பீட்டர் மெக்ரா, கேலப் வாரன் இருவரும் 2010-ல் முன்வைத்த ஒரு விளக்கம் இங்கே பொருந்தும். ஒரு விஷயம் சிரிப்பை வரவழைக்க இரண்டு நிபந்தனைகள் வேண்டும் என்கிறார்கள். ஒன்று, அங்கே ஏதோ தப்பு நடக்க வேண்டும். இரண்டு, அந்தத் தப்பால் நமக்கு ஆபத்தில்லை என்று அதே நேரத்தில் மனதுக்குத் தெரிய வேண்டும்.

கிச்சுகிச்சு மூட்டுவதை யோசித்துப் பாருங்கள். அக்கா மூட்டினால் சிரிப்பு. பேருந்தில் முன்பின் தெரியாத ஆள் மூட்டினால் கோபம், பயம். உங்களுக்கு நீங்களே மூட்டினால் ஒன்றுமே இல்லை. முதலாவதில் மட்டும்தான் ‘தாக்குதல்’, ‘பாதுகாப்பு’ இரண்டும் ஒன்றாக இருக்கின்றன.

‘ஜாம்பீவர்ஸ்’ இந்தத் தராசைக் கையில் வைத்துக்கொண்டே நடக்கிறது. கால் துண்டாவது நிஜமான கோரம். ஆனால், துண்டாக்கியது ஒரு பொம்மை. ஆம், படத்தில் பீவர்களுக்குப் பெரும்பாலும் கம்ப்யூட்டர் கிராஃபிக்ஸ் பயன்படுத்தவில்லை. கையால் ஆட்டும் பொம்மைகளைப் பயன்படுத்தினார்கள். பொம்மை என்று அப்பட்டமாகத் தெரிகிறது. அது தெரியட்டும் என்றுதான் விட்டிருக்கிறார்கள். தரைப்பலகையை உடைத்துக்கொண்டு பீவர் தலைகள் இங்கொன்றும் அங்கொன்றுமாக எட்டிப் பார்க்க, அவர்கள் அடிக்க அடிக்க அடுத்த ஓட்டையில் இன்னொன்று முளைக்கும் காட்சி, மால்களில் சுத்தியலால் அடிக்கும் விளையாட்டே தான்.

இதே பீவர்களை அச்சு அசலாகக் கம்ப்யூட்டரில் உருவாக்கியிருந்தால்? கோரம் கூடியிருக்கும், சிரிப்பு போயிருக்கும். “இது பொம்மை, பயப்படாதே” என்று படம் ஒவ்வொரு ஃபிரேமிலும் கண்ணடிப்பதால்தான் பார்ப்பவருக்குச் சிரிக்க முடிகிறது.

நிஜத்தில் பீவர் மனிதனைக் கடிக்குமா?

கடிக்கும். மிக மிக அரிதாக.

2013-ல் பெலாரஸ் நாட்டில் ஒருவர் சாலையோரம் பீவரைப் பார்த்து, கிட்டே போய்ப் படம் எடுக்க முயன்றார். அது தொடையில் கடித்தது. ரத்தக்குழாய் அறுந்து அவர் இறந்துபோனார். மரத்தையே சாய்க்கும் பல் அது என்பதை மறந்துவிடக் கூடாது.

2012 கோடையில் அமெரிக்காவில் நீந்திக்கொண்டிருந்தவர்களைப் பீவர்கள் தாக்கிய சில சம்பவங்கள் பதிவாகின. பிடித்துப் பரிசோதித்தபோது ரேபிஸ் இருந்தது தெரிந்தது. அதாவது, வெறிநோய். மூளையைத் தாக்கி, பயந்த விலங்கைக்கூட மூர்க்கமாக்கி, கடி மூலம் பரவும் வைரஸ். ஜாம்பி கதைகளின் அடிப்படை விதி இந்த நோயில் அப்படியே இருக்கிறது. சினிமாவில் ரசாயன பீப்பாய் செய்ததை நிஜத்தில் இந்த வைரஸ் செய்கிறது. எந்தப் பாலூட்டி கடித்தாலும் காயத்தைச் சோப்பு போட்டு ஓடும் தண்ணீரில் 15 நிமிடம் கழுவிவிட்டு, உடனே மருத்துவமனைக்குப் போய்த் தடுப்பூசி பற்றிக் கேட்க வேண்டும். இதில் மட்டும் காமெடிக்கு இடமில்லை. நோய் அறிகுறி தெரிந்த பிறகு காப்பாற்றுவது அநேகமாக முடியாத காரியம்.

யார் யாரைக் கொன்றது?

சரி, இப்போது கணக்கைத் திருப்பிப் போடுவோம்.

ஐரோப்பியர்கள் வருவதற்கு முன் வட அமெரிக்காவில் குறைந்தது 6 கோடி பீவர்கள் இருந்திருக்கும் என்பது ஆய்வாளர்களின் மதிப்பீடு. 40 கோடி வரை இருந்திருக்கலாம் என்பவர்களும் உண்டு. 1900 வாக்கில் மிஞ்சியது சுமார் 1 லட்சம்.

காரணம், தொப்பி. பீவரின் உள்ரோமத்தை அடித்துச் செய்யும் கம்பளத் துணி மழையில் உருக்குலையாது. ஐரோப்பியக் கனவான்களுக்கு அந்தத் தொப்பி அந்தஸ்தின் அடையாளம். 1670-ல் தொடங்கிய ஹட்சன்ஸ் பே கம்பெனி இந்த ரோம வியாபாரத்தில்தான் வளர்ந்தது. பதப்படுத்திய ஒரு பீவர் தோல் அந்தப் பகுதிகளில் பணம் மாதிரியே புழங்கியது. இத்தனை தோலுக்கு ஒரு துப்பாக்கி, இத்தனைக்கு ஒரு போர்வை என்று விலை. ஐரோப்பாவில் நிலைமை இன்னும் மோசம். 20-ம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அந்தக் கண்டத்து இனத்தில் மிஞ்சியவை சுமார் 1,200 மட்டுமே என்கிறார்கள்.

பீவர் போனபோது, அது கட்டிய அணைகளும் போயின. அணை உடைந்ததால் குளங்கள் வற்றின. குளத்தை நம்பியிருந்த மீன், தவளை, பறவை, எல்லாவற்றுக்கும் அடி. அதன் அருமை புரிந்த பிறகு மனிதர்கள் செய்தது சினிமாவை மிஞ்சும் காமெடி. 1948-ல் அமெரிக்காவின் ஐடஹோ மாநில அதிகாரிகள், சாலை இல்லாத மலைக்காட்டுக்குப் பீவர்களைக் கொண்டுசெல்ல வழி தெரியாமல், மரப்பெட்டியில் அடைத்து விமானத்திலிருந்து பாராசூட்டில் இறக்கினார்கள். மொத்தம் 76 பீவர்கள். ஒன்று மட்டும் இறந்தது. மற்றவை இறங்கிய கையோடு அணை கட்டக் கிளம்பிவிட்டன.

இன்று வட அமெரிக்காவில் பீவர் எண்ணிக்கை 1 கோடியைத் தாண்டி மீண்டிருப்பதாக மதிப்பிடுகிறார்கள். கனடாவின் உட் பஃபலோ தேசியப் பூங்காவில் முக்கால் கிலோமீட்டருக்கும் மேல் நீளமான பீவர் அணை ஒன்று இருக்கிறது. அதை முதலில் கண்டுபிடித்ததே செயற்கைக்கோள் படத்தில்தான். காட்டுத்தீ பரவும்போது பீவர் அணை உள்ள ஓடைக்கரைகள் மற்ற ஓடைக்கரைகளைவிடப் பசுமையாகத் தப்பிக்கின்றன என்று 2020-ல் வெளியான அமெரிக்க ஆய்வு ஒன்று காட்டியது.

கரடி விஷயத்திலும் கணக்கு இதேதான். 2023-ல் எலிசபெத் பேங்க்ஸ் இயக்கிய ‘கொக்கைன் பேர்’ படத்தில், கடத்தல்காரர் விமானத்திலிருந்து வீசிய போதைப்பொருளைத் தின்ற கரடி, காட்டுக்கு வந்தவர்களை எல்லாம் வேட்டையாடும். ‘உண்மைச் சம்பவத்தைத் தழுவியது’ என்பது விளம்பரம். உண்மைச் சம்பவம் 1985-ல் நடந்தது. ஜார்ஜியா மாநிலக் காட்டில் அந்தக் கரடி செத்துக் கிடந்தது. அது யாரையும் கொல்லவில்லை. மனிதன் வீசியதைத் தின்றது, செத்தது. அவ்வளவுதான் கதை.

சுறாவுக்கு நடந்தது பீவருக்கு ஏன் நடக்கவில்லை?

‘ஜாஸ்’ கண்ணடிக்கவில்லை. “இது பொம்மை” என்று சொல்லவில்லை. மனிதனைக் குறிவைத்துப் பழிவாங்கும் சுறா உண்மையிலேயே கடலுக்குள் இருக்கிறது என்று நம்பவைத்தது. மிக நன்றாக எடுத்த படம் என்பதால், மிக நன்றாக நம்பினார்கள்.

பெஞ்ச்லி பின்னாளில் சுறாக்களைப் பற்றிக் கற்றுக்கொண்ட பிறகு, அந்த நாவலை இன்றைக்கு எழுத முடியாது என்றார். 2006-ல் இறக்கும்வரை கடல் பாதுகாப்புக்காகப் பேசினார். 2022-ல் பிபிசி வானொலி நிகழ்ச்சியில் ஸ்பீல்பெர்க்கும், புத்தகத்தாலும் படத்தாலும் சுறாக்களுக்கு நேர்ந்த அழிவுக்காக இன்றுவரை வருந்துவதாகச் சொன்னார். ஆஸ்திரேலிய ஆய்வாளர் கிறிஸ்டோபர் நெஃப், சினிமா உருவாக்கிய பயம் அரசின் சுறா வேட்டைக் கொள்கைவரை எட்டுவதை ‘ஜாஸ் விளைவு’ என்றே பெயரிட்டு 2015-ல் எழுதினார்.

நியாயமாகப் பேசினால், சுறாக்கள் குறைந்ததற்கு முக்கியக் காரணம் சினிமா இல்லை, மீன்பிடிப்பு. மனிதர்கள் ஆண்டுக்குச் சுமார் 10 கோடி சுறாக்களைக் கொல்வதாக 2013-ல் வெளியான ஆய்வு மதிப்பிட்டது. உலகம் முழுக்க, சீண்டாமலே சுறா தாக்கி இறக்கும் மனிதர்கள் ஆண்டுக்குச் சராசரியாக 10 பேருக்கும் குறைவு. ஒரு மனித உயிருக்கு ஒரு கோடிக்கும் மேற்பட்ட சுறாக்கள் என்ற கணக்கு. பெருங்கடல் சுறாக்களும் திருக்கைகளும் 1970-க்குப் பிறகு 71 சதவீதம் குறைந்துவிட்டதாக 2021-ல் ‘நேச்சர்’ இதழில் வந்த ஆய்வு சொல்கிறது. வலையும் துடுப்பு வியாபாரமும் இதைச் செய்தன. சினிமா செய்தது வேறு. “கொலைகார மீன்தானே, போகட்டும்” என்று கவலைப்படாமல் இருக்க ஒரு காரணத்தைக் கொடுத்தது.

மொக்கை என்று தெரிந்தே எடுத்த மொக்கைப் படத்தின் நல்ல குணம் இங்கேதான் புரிகிறது. ‘ஜாம்பீவர்ஸ்’ பார்த்துவிட்டு யாரும் பீவரை வேட்டையாடக் கிளம்பவில்லை. படம் முடிந்ததும் பயமும் முடிந்துவிடுகிறது. கூடவே, அந்தப் படத்தில் குற்றவாளி யார் என்பதிலும் குழப்பம் இல்லை. பீப்பாயை உருட்டிவிட்டது பீவர் இல்லை. ‘பிரான்ஹா’வில் மீனை ஆயுதமாக வளர்த்தது ராணுவம். ‘பிளாக் ஷீப்’பில் ஆட்டின் மரபணுவில் கை வைத்தது பண்ணை முதலாளி. இந்த வகைப் படங்களில் முதல் ரீலில் தப்பு செய்பவர் பெரும்பாலும் மனிதர்தான். கடைசி ரீல்வரை அடி வாங்குவது விலங்கு.

எனவே, அடுத்த வாரயிறுதியில் நண்பர்களோடு இப்படியொரு படத்தைப் போட்டால் தாராளமாகச் சிரிக்கலாம். ஆனால், ‘உண்மைச் சம்பவம்’ என்ற கார்டோடு சீரியஸாக ஒரு விலங்கு வில்லனாக வந்து நின்றால், அப்போது கொஞ்சம் நிதானம் தேவை. அந்த விலங்கு நிஜத்தில் எத்தனை மனிதர்களைக் கொன்றது, மனிதர்கள் அதில் எத்தனையைக் கொன்றார்கள் என்று செல்போனில் ஒருமுறை தேடிப் பாருங்கள். பெரும்பாலும் இரண்டாவது எண் சுலபமாக ஜெயித்துவிடும்.